நான் தள்ளி வைத்த குதிரை

இதை நான் வீட்டில்கூடச் சொன்னதில்லை.

வெளிநாடுகளில் செஸ் ஆடிப் பட்டம் வாங்கிய ஒரு பெண், ஸ்ரீவில்லிபுத்தூர் கல்யாண மண்டபத்தில் ஒரே நேரத்தில் இருபது பேரோடு ஆட வந்தார். அவருக்குச் சொந்த ஊர் சுந்தரபாண்டியம். ராஜபாளையத்தில் மில் ஃபிட்டரான நானும் அந்த இருபதில் ஒருவன். மில்லில் என்னை ஜெயிக்க ஆள் கிடையாது என்ற திமிர் வேறு.

அவர் மேசை மேசையாக நடந்து ஆடினார். அரை மணி நேரத்தில் என் குதிரை மாட்டிக்கொண்டது. தப்ப வழியே இல்லை. அவர் எதிர் வரிசைக்குப் போனதும் அதை ஒரு கட்டம் தள்ளி வைத்துவிட்டேன். இருபது பலகையில் இது எங்கே நினைவிருக்கப் போகிறது!

திரும்பி வந்தவர் குதிரையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். தன் காயை நகர்த்திவிட்டு அடுத்த மேசைக்குப் போனார். நான் தோற்றேன்.

கூட்டம் கலைந்த பின் என்னிடம் வந்து, காய்களை எல்லாம் அந்தப் பழைய நிலைக்கே அடுக்கினார்.

“குதிரை இங்கதான் நின்னுச்சு, அண்ணாச்சி. அது போனாப் போவுதுன்னு விட்டுட்டு, யானையை இங்க கொண்டாந்திருந்தா நானே டிரா கேட்டிருப்பேன்.”

“அப்பவே ஏன் மேடம் சொல்லல?”

“அம்புட்டுப் பேரு முன்னாடியா? அடுத்த வருஷமும் வாரேன். ஆட வாங்க.”

தோற்றது வலிக்கவில்லை. தோற்கத் தேவையே இல்லாத ஆட்டத்தில் திருடியிருக்கிறேன் என்பதுதான் உறுத்தியது. இப்போதெல்லாம் காய் மாட்டினால் இரண்டு கைகளையும் தொடைக்கடியில் வைத்துக்கொண்டு பலகையையே பார்க்கிறேன். பாதி நேரம் ஏதோ ஒரு வழி இருக்கத்தான் செய்கிறது.

அடுத்த வருஷத்துக்கு முதல் ஆளாகப் பேர் கொடுத்திருக்கிறேன்.