மூடாத பீச் போத்தல்கள்

ஒரு ஆவணி மாதச் சனிக்கிழமை, காரின் பின்பக்கம் நிறையப் பீச் பழப் பெட்டிகளோடு மாமா, ரூஜ் என்ற புறநகரில் இருந்த எங்கள் வீட்டு வாசலில் வந்து இறங்கினார். மாமா அம்மாவின் ஒரே தம்பி, ட்ரக் ஓட்டுபவர். கலியாணத்துக்குப் பேசிவந்த பெண்களையெல்லாம் வேண்டாமென்று சொல்லி அம்மாவுக்கு நரையை வரவழைத்தவர். பெட்டிகள் நசுங்கியிருக்கின்றன என்று பிறம்ரன் நகரில் ஒரு கிடங்கு அந்தப் பழங்களைத் திருப்பிவிட்டதாம்.

“உவ்வளவையும் ஆர் தின்னுறது? நாளைக்கே அழுகிப்போம்” என்றார் அம்மா.

“சீனிப்பாணியிலை போட்டுப் போத்திலிலை அடைப்பம் அக்கா. விண்டர் முழுக்கக் கிடக்கும்.”

எனக்கு அப்போது எட்டு வயது. வீட்டில் இப்படியொரு அமளி அதற்கு முன் நடந்ததில்லை. கொதிநீரில் முக்கி எடுத்த பழத்தின் தோலை உரிப்பது என் வேலை. காலுறை கழல்வதுபோல அது வழுக்கிக்கொண்டு வந்தது. அம்மா பாணியில் கறுவாவும் கராம்பும் போட, தெருவரை மணந்தது. மாமா மட்டும் அடிக்கடி போனை எடுத்துக்கொண்டு மாடிப்படிப் பக்கம் போய் வந்தார்.

“இருவத்தைஞ்சு நிமிஷம் போத்திலோடை கொதிக்க வேணுமாம்.”

“ஆர் சொன்னது?”

“வேலையிலை ஒரு ஆள்.”

கொதித்த போத்தல்களைத் துவாயில் வரிசையாக வைத்தோம். ஆறும்போது மூடி உள்வாங்கி ‘டிக்’ என்று சத்தம் போடும், போட்டால் பழம் தப்பியது, இல்லாவிட்டால் பழுதாகிவிடும் என்றார் மாமா. நான் மேசையில் நாடியை ஊன்றிக்கொண்டு காத்திருந்தேன். ஒன்று ‘டிக்’ என்றது. துள்ளினேன். இன்னொன்றும் சொன்னது. பிறகு ஒன்றுமே இல்லை. எனக்கு அழுகை வந்துவிட்டது. மாமா இந்த முறை எங்கள் முன்னாலேயே போன் எடுத்தார்.

“வாறாவாம்” என்றார்.

‘வாறாவாம்’ என்ற சொல்லில் வருவது ஒரு பெண் என்று தெரிந்ததும் அம்மா மேலே ஓடினார். தலைவாரி, நல்ல உடுப்பு மாற்றிக்கொண்டு வந்தார். பழம் அடைப்பதில் அதுவும் ஒரு முறையாக்கும் என்று நானும் போய் முகம் கழுவினேன்.

பக்கத்து நகரான மார்க்கத்திலிருந்து காரில் வந்த அந்த அன்ரி, வந்த கையோடு சட்டைக் கையை மடித்துவிட்டு ஒரு போத்தலைத் திறந்து விளிம்பை விரலால் தடவிப் பார்த்தார்.

“விளிம்பு வரைக்கும் பாணிய ஊத்திட்டீங்க. கொஞ்சம் இடம் விடணும். வாயையும் வடிவாத் துடைக்கணும் மனே” என்று ஈரத்துணியை என் கையில் தந்தார். அவர் பேசியது எங்கள் வீட்டுப் பேச்சுப்போல இல்லை. பாட்டுப்போல இருந்தது. நான் மூச்சுப் பிடித்துத் துடைத்தேன். அவர் புது மூடிகளைப் போட்டார்.

அம்மாவோ பழத்தை விட்டுவிட்டு வேறு ஏதேதோ கேட்டார். என்ன வேலை, எத்தனை சகோதரம். கடைசியில், எந்த ஊர்.

“மட்டக்களப்பு.”

அம்மா மாமாவுக்குப் பார்த்த பெண்கள் எல்லோரும் எங்கள் ஊர்ப் பக்கத்தவர்கள். அம்மாவின் அகப்பை பாணிக்குள் அப்படியே நின்றது. மாமா நிலத்தில் சிந்தாத பாணியைத் துடைக்கத் தொடங்கினார்.

“அம்மா, தண்ணி கொதிக்குது” என்றேன். ஒருவரும் அசையவில்லை. அன்ரிதான் போத்தல்களை ஒவ்வொன்றாகக் கொதிநீருக்குள் இறக்கினார்.

இந்த முறை வெளியே எடுத்து வைத்துக் கொஞ்ச நேரத்திலேயே தொடங்கியது. டிக். டிக். சோளப்பொரி பொரிவதுபோல மேசை முழுக்க அதே சத்தம். கடைசிப் போத்தலும் மூடியதும் நான் ஓடிப்போய் அன்ரியின் இடுப்பைக் கட்டிக்கொண்டேன்.

“நீங்கள் எங்கடை வீட்டிலையே இருங்கோவன். அப்பத்தான் எல்லாம் ஒழுங்கா நடக்கும்.”

அன்ரி குனிந்து என் தலையைப் பார்த்தபடி நின்றார். அம்மா மாமாவை நெடுநேரம் பார்த்தார். பிறகு மிஞ்சியிருந்த பழத்துண்டு ஒன்றைக் கிண்ணத்தில் போட்டு, பாணி ஊற்றி, அன்ரியிடம் நீட்டினார்.

“இதைச் சாப்பிடு பிள்ளை. சோறும் திண்டிட்டுத்தான் போகவேணும்.”

மாமா பின்வளவுக்குப் போய்விட்டார். நானும் பின்னால் ஓடினேன். வேலியில் சாய்ந்து நின்றவர் கண்ணைத் துடைத்துக்கொண்டே சிரித்தார்.

“மாமா, எல்லாம் மூடிட்டுது.”

“ஓம் குஞ்சு” என்று என்னைத் தூக்கிச் சுற்றினார்.

ஒரு பழத்துக்காக இவ்வளவு சந்தோஷப்படுகிற மனிதரை நான் அதுவரை பார்த்ததில்லை. சில மாதங்களில், இனி அந்த அன்ரியை மாமி என்று கூப்பிட வேண்டும் என அம்மா சொன்னபோதும், அது பழங்களைக் காப்பாற்றித் தந்ததற்கான மரியாதை என்றே எடுத்துக்கொண்டேன்.