முருகன் பெயரில் துப்பாக்கிச் சண்டை

வங்காளத்தில், கிடர்பூர் துறைமுகத்தின் பக்கம், கப்பல் சரக்குகளுக்குச் சுங்க வேலை முடித்துக் கொடுக்கும் ஆபீஸ் ஒன்றில் குமாஸ்தாவாக இருக்கிறேன். அங்கே எந்தக் கம்ப்யூட்டரிலும் கேம், சினிமா எதுவும் திறக்காது. எல்லாவற்றையும் தடுத்து வைத்திருக்கிறார்கள். சுங்க வேலை நடக்க வேண்டுமே என்று என்னுடையதில் மட்டும் தடை இல்லை. அதன் பாஸ்வேர்டு முருகன் பெயர். வேலை தொடங்குமுன் விரலாவது அவன் பெயரைச் சொல்லட்டும் என்று நானே வைத்தது.

கிருத்திகைதோறும் எனக்கு விரதம். அரைநாள் லீவு போட்டுக் கோயிலுக்குப் போய்விடுவேன். போன கிருத்திகையன்று மேனேஜர் துறைமுகம் போயிருந்தார். மறுநாள் வந்தவர், கம்ப்யூட்டர் பதிவுகளைப் பார்த்துவிட்டு என்னை ஹால் நடுவிலேயே பிடித்துக்கொண்டார்.

“கோயிலுக்குன்னு லீவு வாங்கிட்டு, இங்கயே உக்காந்து துப்பாக்கிச் சண்டை கேமா, தாதா? மத்தியானம் முழுக்க உங்க மிஷின்லதான் ஓடியிருக்கு!” என்றார் வங்காள மொழியில். அங்கே தாதா என்றால் அண்ணன்.

ஹாலே சிரித்தது. எல்லாரையும்விடப் பலமாகச் சிரித்தவன், மதுரையிலிருந்து புதிதாக வந்த கணக்குப் பையன். டீ நேரத்தில் அவனைப் பிடித்தேன்.

“நீதானே தம்பி?”

“ஒரு கேம்தானே, விடுங்கண்ணே.”

“பாஸ்வேர்டு யார் சொன்னா?”

“இதுக்கு ஆள் வேற சொல்லணுமாக்கும்? நெத்தி நிறைய விபூதி, மானிட்டர் மேல முருகர் படம். ரெண்டாவது தடவையிலயே தொறந்துருச்சு. எனக்கு இன்னும் வேலை நிரந்தரமாகலண்ணே. உங்களை ஒண்ணும் பண்ண மாட்டாரு. நீங்களே ஏத்துக்கங்களேன்.”



“ஏத்துக்கிறதா? சாமி பேரைச் சொல்லிப் பொய் லீவு எடுத்தவன்னு சிரிக்கிறாங்க. நாளைக்கு எந்த மூஞ்சியோட விபூதி பூசிக்கிட்டு வருவேன்? எழுந்திரு!”

கையோடு மேனேஜர் அறைக்கு அழைத்துப் போனேன். ஒப்புக்கொண்டான். அவர் கேட்ட முதல் கேள்வி, “எந்த கேம்?” அவன் சொன்னதும், “அட, என் மகனும் இதேதான்!” என்று ஒரே சிரிப்பு. பிறகு என் பக்கம் திரும்பி, “சரி தாதா, நீங்க போங்க” என்றார்.

அவ்வளவுதானா? நான் நகரவில்லை.

“ஹால்ல வச்சுச் சொன்னீங்க சார். ஹாலுக்கு வந்து சொல்லுங்க.”

முகத்தைச் சுளித்துக்கொண்டே கதவுவரை வந்தார். நான் விளையாடவில்லை என்பதை ஏதோ கடன் கேட்கிறவர் மாதிரி முணுமுணுத்துவிட்டுத் திரும்பினார். பாதிப் பேர் டீயைக் குடித்துவிட்டு அப்போதுதான் உள்ளே வந்துகொண்டிருந்தார்கள்.

“அவங்க காதுல விழலை சார். இன்னொரு தரம் சொல்லுங்க” என்றேன்.