இரண்டு பேர் மடிக்கும் விரிப்பு

என் வீட்டுக்காரர் பக்கவாதம் வந்து படுத்த வருஷம், அவருடைய படுக்கை விரிப்புகளைக் குழாயடியில் ஊற வைத்துவிட்டுக் கஞ்சி கொடுக்க உள்ளே போவேன். திரும்பி வந்தால் வாளி காலியாக இருக்கும். சாயங்காலம் பார்த்தால் விரிப்புகள் துவைத்து, காய்ந்து, ஒரு சுருக்கமில்லாமல் மடித்து வாசற்படியில் இருக்கும். யார் செய்கிறார்கள் என்று தெரியவே சில நாள் ஆயிற்று. பக்கத்துப் போர்ஷன் தேசம்மாதான். கேட்டதற்கு, "பழகுன வேலைதானேக்கா" என்றாள்.

ராஜா அண்ணாமலைபுரத்தில் எங்களுடையது வரிசை வீடு. தேசம்மா பட்டினப்பாக்கத்து மீன்காரக் குடும்பம். தோஹாவில் ஓர் ஓட்டலில் துணி துவைக்கும் வேலையில் பல வருஷம் இருந்தவள். அம்மாவுக்கு உடம்பு முடியாமல் போகவே திரும்பி வந்து, மந்தைவெளி லாண்டரி ஒன்றில் சேர்ந்தாள். கல்யாணம் ஆகவில்லை.

வேலை முடிந்து வந்தால் செல்போனில் பிலிப்பைன்ஸ் நாடகம் பார்ப்பாள். ஒரு வெள்ளிக்கிழமை முண்டகக்கண்ணி அம்மன் பிரசாதம் கொடுக்கப் போனபோது, "பாஷை புரியுதா?" என்று கேட்டேன்.

"பாதி புரியும். கதை எல்லாம் ஒண்ணுதான்க்கா. ஆபீஸ்ல ரெண்டு பேரைச் சேத்து வச்சு எல்லாரும் கேலி பண்ணிகினே இருப்பாங்க. கடைசில அது நெஜமாயிடும்."

அன்றைக்குத்தான் ரோடெலைப் பற்றிச் சொன்னாள். அவரும் பிலிப்பைன்ஸ்காரர், ஓட்டலில் இவளோடு வேலை பார்த்தவர். ஓட்டல் விரிப்பு பெரியது, மடிக்க இரண்டு பேர் வேண்டும். ஆளுக்கு இரண்டு முனை பிடித்து எதிரெதிரே நடந்து வரவேண்டும். இவள் கையும் அவர் கையும் சேரும்போதெல்லாம் கூட இருக்கும் பிலிப்பைன்ஸ் பெண்கள் "ஆயீ" என்று ஜோடி சேர்த்துக் கேலியாகக் கூவுவார்கள். அவர் சிரிப்பார்.

"எங்க குப்பத்துல பேரைச் சேத்துப் பேசிட்டா, ஒண்ணு கல்யாணம், இல்லன்னா மானம் போச்சு. அவர் சிரிச்சாரா, சரின்னுதான் நெனச்சிகினேன். எங்க அண்ணங்கிட்ட ஆள் விட்டுப் பொண்ணு கேப்பாருன்னு காத்துகினு இருந்தேன்."

ஒருநாள் அண்ணன் லாசர் போனில் பேசும்போது அந்தக் கூவல் அவர் காதில் விழுந்துவிட்டது. "இன்னா சத்தம் அது? யாரைக் கூவுறாளுங்க?" என்று கேட்டாராம். இவள் பயந்துபோய், மடிக்க வேறு ஆளைப் போடும்படி மேற்பார்வையாளரிடம் சொல்லிவிட்டாள். மறுநாள் விரிப்பின் மறுமுனையில் வேறொரு பெண். சாப்பாட்டு வேளையில் ரோடெல் வந்து, "உனக்கும் பிடிக்கும் என்று நினைத்துவிட்டேன், மன்னித்துக்கொள்" என்றார்.

"புடிக்கும்னு சொல்ல வேண்டியதுதானே?" என்றேன்.

"பொம்பளை நானா எப்படிக்கா சொல்றது? அவங்க ஊர்ல மொதல்ல பொண்ணு சரின்னு சொல்லணுமாம். அப்பறம்தான் பெரியவங்க வருவாங்களாம். அது எனக்கு லேட்டாத்தான் தெரிஞ்சுது." போனை அணைத்து வைத்தாள். "ஊருக்குப் போய் கல்யாணம் பண்ணிகினாராம். நல்லா இருக்கட்டும்."

போன தவக்காலத்தில் அவள் அம்மா காலமானார். லாசர் கோவளத்தில் தன் வீட்டுக்கே வந்துவிடச் சொன்னார். புறப்படும் அன்று காலையிலும் என் விரிப்பைத் துவைத்துப் போட்டிருந்தாள். அது காய்ந்ததும், "அந்த முனையைப் புடிக்கா" என்றாள். பிடித்தேன். எதிரெதிரே நடந்து வந்தோம். கை சேர்ந்ததும் அவள் முனையை விடவில்லை, அப்படியே நின்றாள். இந்தப் பெண்ணுக்குத் துணையாக இரு தாயே என்று நான் மனசுக்குள் வேண்டிக்கொண்டேன்.

வாசலில் ஆட்டோக்காரர் ஹார்ன் அடித்தார். மடித்த விரிப்பை என் கையில் வைத்துவிட்டுப் பையை எடுத்துக்கொண்டாள். அன்றைக்குப் பிறகு அவளை நான் பார்க்கவில்லை. ஆட்டோவில் ஏறி உட்கார்ந்து, சிரித்தபடி சொன்னாள்:

"நீயும் ஒரு தபா ஆயீன்னு கூவியிருக்கலாம்க்கா."