புகார் அறை நாற்காலி

லைன்மேனாக இருந்த அக்காவின் கணவர் மின்கம்பத்திலேயே கருகிப்போனார். கருணை அடிப்படையில் எங்கள் மின்சார அலுவலகத்திலேயே அக்காவுக்கு வேலை போட்டார்கள். எந்த வேலை? புகார் அறையில் போனை எடுத்து, கரண்ட் போன தெருவுக்கு லைன்மேனை அனுப்பும் வேலை. நல்ல கருணை!

மழை வந்தால் மேசை போன் ஓயாது. ஆனால் கம்பத்தில் ஏறியவர் செல்போனில் கூப்பிட்டு, "இறங்கிட்டேன்" என்று தன் வாயால் சொல்லும்வரை அக்கா அடுத்த புகாரைத் தொடமாட்டாள். "அந்தம்மா தூங்குது" என்று ஊரே திட்டும். மேலதிகாரியும் கத்துவார். அக்கா காதில் போட்டுக்கொண்டதே இல்லை.

நேற்று, புதிதாகக் கல்யாணமான லைன்மேன் ஒருவன் இறங்கிய கையோடு டீக்கடையில் உட்கார்ந்துவிட்டான். அவன் திரும்பி வரும்வரை மேசை போன் அடித்துக்கொண்டே கிடந்தது.

"ஏன்டா சொல்லல?"

"மறந்துட்டேன்க்கா. இப்ப என்ன, உசிரா போயிடுச்சு?"

அக்கா எழுந்து தன் நாற்காலியைக் காட்டினாள்.

"போயிருந்தா இதுல உன் பொண்டாட்டி வந்து உக்காருவா. அவளுக்கும் நான்தான்டா இந்த வேலையக் கத்துக் குடுக்கணும்."