தங்கச்சி ஓடிய சுவர்

இன்று என் மூன்றாவது அச்சுக் கம்பெனியின் பூஜையில் கற்பூர வாசனை வந்ததும், நினைவில், சிவகாசியில் பட்டாசு லேபிள் ஓவியர் ஒருவர் தொடங்கிய கார்ட்டூன் பட ஸ்டூடியோவுக்குள் போய்விட்டேன். கற்பூரம் சேர்த்துச் செய்த அந்தக் காலத்துப் பிலிம் சுருளுக்கும் இதே வாசனைதான். பட்டாசு விளம்பரத்துக்காக, கம்பி மத்தாப்போடு ஓடும் என் தங்கையைத் தாள் தாளாக வரைந்து படமாக்கியிருந்தார். காய்ச்சலில் அவள் இறந்த பிறகு அம்மா தினமும் அங்கே போவாள்.

“அண்ணாச்சி, எம்புள்ளைய ஒருக்கா ஓட விடுங்க.”

“இப்பத்தானே தாயி ஓடுனா? மூச்சு வாங்கட்டும்,” என்றபடியே ஓவியர் படம் காட்டும் மிஷினைக் கையால் சுற்றுவார். கடகடவென்ற சத்தத்தோடு அவள் சுவரில் ஓடுவாள்.

விளம்பர ஆர்டர் நின்றது, ஸ்டூடியோவை மூடினார்கள். அவள் ஓடிய பிலிமையும் கழுவிக் கரைத்து, லேபிள் பளபளக்கப் பூசும் வார்னிஷ் ஆக்கிவிட்டார்கள்.

நாலாம் வகுப்பு தாண்டாதவன் நான், வளர்ந்து சொந்தமாக லேபிள் அடித்தேன். பெரிய ஓவியரை வைத்து அதில் அவளைத்தான் வரையச் சொன்னேன். அசையாத அந்தப் படத்தையே அம்மா வெகுநேரம் பார்த்தாள்.

“இன்னும் மூச்சு வாங்குறா,” என்றாள்.