வள்ளம் வரும்வரை அழாத நடிகை

தனுஷ்கோடியைப் புயல் அழித்ததற்கு முந்தின வருசம் எங்கள் கரையில் நடித்த பிரெஞ்சுக்காரியை இன்று பேத்தியின் போனில் பார்த்தேன். கறுப்பு வெள்ளைப் படத்தில் தெரியவில்லை, அன்று வெயிலில் அவள் மூக்கு மிளகாய்ப்பழமாகச் சிவந்திருந்தது.

புருசனைக் கடலுக்குக் கொடுத்தவளாக அவள் கதற வேண்டும். எங்கள் அய்யாவோ நிஜமாகவே கடலில் இருந்தார். ஆள் கடலில் இருக்கையில் கரையில் யாரும் அழக்கூடாது என்பது எங்கள் ஊர் வழக்கம். அம்மா ஓடிப்போய் அவள் வாயைப் பொத்தினாள்.

"வள்ளம் வரட்டும் தாயி. பெறகு எம்புட்டு வேணும்னாலும் அழு."

கூட வந்தவர் அதை அவள் மொழியில் சொன்னதும் மணலில் உட்கார்ந்துவிட்டாள். படக்காரர்கள் கத்தியும் எழவில்லை. அய்யா வந்து இறங்கிய பிறகுதான் அழுதாள்.

"யாருக்கு இந்த ஒப்பாரி?" என்றார் அய்யா.

"ஒங்களுக்குத்தேன்" என்றாள் அம்மா.

அவள் நடித்தது அந்த ஒரே படம்தானாம். அதைப் பார்க்கிறவர்களிடம் சொல்லுங்கள்: அவள் அழும்போது கடலுக்குப் போன எங்கள் ஊர் ஆட்கள் எல்லாரும் கரைக்கு வந்துவிட்டார்கள்.