தாத்தா மறித்த பஸ்

எங்கள் வீட்டில் மாமனாரும் மருமகளும் நேருக்கு நேர் பேசிக்கொள்ள மாட்டார்கள். நடுவில் ஒரு ஆள் வேண்டும். அந்த ஆள் நான், இரண்டாம் வகுப்புப் படிக்கிறவள். கையெட்டும் தூரத்தில் சித்தி நிற்க, தாத்தா என்னைப் பார்த்து, "ஆத்தா, சோறு கொழஞ்சு போச்சுன்னு ஒஞ் சித்திகிட்டச் சொல்லு" என்பார். நான் வாயைத் திறக்குமுன், "நாளைக்குப் பதமா வடிக்கிறேன்னு சொல்லு" என்பாள் சித்தி. எனக்கு வேலையே இல்லை. ஆனால் நான் இல்லாமல் பேச்சும் இல்லை.

அந்தச் சித்திக்கு அன்னவாசலில் ஒரு எஸ்.டி.டி. பூத்தில் வேலை கிடைத்தது. துபாய்க்கும் சிங்கப்பூருக்கும் பேச வருகிறவர்களுக்கு நம்பர் போட்டுக் கொடுக்கிற வேலை. தாத்தா கொதித்தார்.

"ஊர்ப்பட்ட ஆளுககிட்டப் பேசித்தான் இந்த வீட்ல ஒல வைக்கணுமான்னு கேளு."

"படிச்ச படிப்பு அடுப்புக்குள்ளதான் போகணுமான்னு கேளு."

சித்தப்பா இரண்டு பக்கமும் தலையாட்டிவிட்டு வயலுக்குப் போய்விட்டார்.

முதல் நாளே பிந்தினால் வேறு ஆள் பார்த்துக்கொள்வதாக பூத்காரர் சொல்லியிருந்தார். காலை பஸ்ஸை விட்டால் அடுத்தது மத்தியானந்தான். யாரும் குறைசொல்லக் கூடாதென்று தொழுவம் கூட்டி, குழம்பு இறக்கி, தாத்தாவுக்கு வெந்நீரும் வைத்துவிட்டு அவள் கிளம்பும்போது, பஸ் ஊருணி முக்குத் திரும்பிவிட்டது. செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு வரப்பில் ஓடினாள். பின்னால் டிபன் டப்பாவோடு நான். ரோட்டில் தாத்தா மாட்டுவண்டி ஓட்டி வந்துகொண்டிருந்தார். எங்களை ஒரு தரம் திரும்பிப் பார்த்தார். பார்த்ததும் வண்டியை ரோட்டுக்குக் குறுக்கே ஒடித்து நிறுத்தினார்.

"யோவ் பெருசு, மாட்ட ஓட்டுய்யா!" என்று பஸ்ஸிலிருந்து கத்தினார் டிரைவர்.

"கேக்க மாட்டேங்குதே தம்பி, நானும் சொல்றேன்" என்று இறங்கி, நன்றாயிருந்த நுகத்தடிக் கயிற்றை அவிழ்த்து மறுபடி கட்டினார். ஆரன் அலறியது. சித்தி மூச்சிரைக்க ஏறினாள். அவள் ஏறியதும் மாடுகள் சொன்ன பேச்சுக் கேட்டன.

எனக்கு வந்ததே ஆத்திரம்! அவளைப் போகவிடாமல் பண்ண பஸ்ஸையே மறித்துவிட்டாரே மனுஷன். சாயங்காலம் எல்லாரும் இருக்கும்போது போட்டு உடைத்தேன்.

"ஏம்ப்பா, இந்த வயசுல இது தேவையா?" என்று கத்தினார் சித்தப்பா.

"ஆமாடா, மறிச்சேன். இப்ப என்னாங்கிற?" என்று துண்டை உதறினார் தாத்தா.

சோறு போடும்போது சித்தி மீன் குழம்பில் இருந்த பெரிய நடுத்துண்டைத் தேடி எடுத்து தாத்தா வட்டிலில் வைத்தாள்.

பஸ்ஸை மறித்தவருக்கு நடுத்துண்டு, உண்மையைச் சொன்ன எனக்கு வால்துண்டு. இந்த வீட்டில் நியாயமே கிடையாது என்று அழுதுகொண்டே தின்றேன்.